துடுப்பு நின்ற இடம்

2004 ஆகஸ்ட் 22. ஏதென்ஸ் ஒலிம்பிக்கில் பெண்கள் எட்டுப் பேர் துடுப்புப் படகு இறுதிப் போட்டி. எல்லைக் கோட்டுக்கு ஐந்நூறு மீட்டருக்கும் குறைவாகவே பாக்கி இருந்தபோது, ஆஸ்திரேலியப் படகில் சாலி ராபின்ஸ் துடுப்பு வலிப்பதை நிறுத்தினார். அப்படியே மல்லாந்து, பின்னால் இருந்த தோழியின் மேல் சாய்ந்துவிட்டார். மற்றவர்கள் விடாமல் வலித்தார்கள். ஆனாலும் ஆறு படகுகளில் அவர்களுடையது கடைசியாகத்தான் வந்தது.

கரையேறியதுமே அணித் தோழிகள் சிலர் பகிரங்கமாகச் சாடினார்கள். பத்திரிகைகள் ‘படுத்துவிட்ட சாலி’ என்று பட்டப்பெயர் சூட்டின. 2002 உலகப் போட்டியிலும் அவர் இப்படி நின்றதைத் தோண்டி எடுத்தார்கள். உடம்பில் தெம்பு இருந்தது, மனசில்தான் உறுதி இல்லை என்று ஊரே தீர்ப்பு எழுதியது. தோழிகளின் கோபம் எனக்குப் புரிகிறது. அவர்களும் பல ஆண்டு உழைப்பை அந்தப் படகில் ஏற்றியவர்கள். ஆனால் தீர்ப்பு வேறு விஷயம். அதை அறிவியல் அவ்வளவு எளிதாக ஒப்புக்கொள்வதில்லை.

போட்டித் தூரம் 2,000 மீட்டர். எட்டுப் பேர் படகு அதைச் சுமார் ஆறு நிமிடத்தில் கடக்கிறது. துடுப்பு என்றதும் கைதான் நினைவுக்கு வரும். உண்மையில் வேலையின் பெரும்பகுதி காலுடையது. இருக்கை தண்டவாளத்தில் முன்னும் பின்னும் நகரும். கால் உதைக்க, முதுகு நிமிர, கடைசியில்தான் கை இழுக்கும். உடம்பின் பெரிய தசைகள் அத்தனையும் ஒரே நேரத்தில் ஆக்சிஜன் கேட்கும் விளையாட்டு இது. பயிற்சி இல்லாத ஓர் இளைஞர் உச்சகட்ட உழைப்பில் நிமிடத்துக்குச் சுமார் மூன்று லிட்டர் ஆக்சிஜனைப் பயன்படுத்துவார். முன்னணி ஆண் வீரர்கள் ஆறு லிட்டரைத் தாண்டுகிறார்கள். பிரிட்டனின் மேத்யூ பின்சென்ட்டின் நுரையீரல் கொள்ளளவு எட்டரை லிட்டர்.

அதுவும் போதாது. புறப்பட்ட வேகத்தில் படகை உந்தித் தள்ளும் முதல் சில விநாடிகளில் தசையில் இருக்கும் ஆற்றல் கையிருப்பு தீர்ந்துவிடும். பிறகு ஆக்சிஜன் இல்லாமலே சர்க்கரையை எரிக்கும் வழி முழு வீச்சில் திறக்கிறது. லாக்டேட்டோடு சேர்ந்து அமிலத்தன்மையும் ரத்தத்தில் ஏறுகிறது. ரத்தத்தின் பிஎச் அளவு வழக்கமாக 7.4. கடும் போட்டி முடிகையில் அது 7.1 வரை இறங்குவதுண்டு. 7-க்குக் கீழே போனதையும் அளந்திருக்கிறார்கள். இந்த எண்ணோடு ஒரு நோயாளி மருத்துவமனைக்கு வந்தால் நேராகத் தீவிர சிகிச்சைப் பிரிவுக்குத்தான். துடுப்பு வலிப்பவர் இதே ரத்தத்தோடு கடைசி முந்நூறு மீட்டரில் வேகத்தைக் கூட்ட வேண்டும்.

மூச்சு விடுவதிலும் சிக்கல். துடுப்பை நீரில் இறக்கும் கணத்தில் தொடை வயிற்றோடு ஒட்டிக்கொள்கிறது. உதரவிதானம் கீழே இறங்க இடமில்லை. தோன்றியபோது மூச்சு வாங்க முடியாது. துடுப்பின் தாளத்துக்கு ஏற்றபடிதான் வாங்க வேண்டும். இவ்வளவு பெரிய நுரையீரல் இருந்தும், தமனி ரத்தத்தில் ஆக்சிஜன் குறைகிறது.

இந்த இடத்தில் டென்மார்க்கைச் சேர்ந்த நீல்ஸ் செகர் குழுவினர் 1999-இல் வெளியிட்ட ஓர் ஆய்வு எனக்கு முக்கியமாகப் படுகிறது. எர்கோமீட்டர் எனப்படும் துடுப்புப் பயிற்சி இயந்திரத்தில் வீரர்களை முழு மூச்சாக வலிக்கச் சொல்லி, நெற்றியில் உணரி வைத்து மூளையின் ஆக்சிஜனை அளந்தார்கள். அது சரிந்தது. ஆக்சிஜன் கூடுதலாக இருந்த காற்றைச் சுவாசிக்கக் கொடுத்தார்கள். மூளையின் சரிவு நின்றது, வலிக்கும் திறனும் கூடியது. தசையின் ஆக்சிஜனிலோ சொல்லும்படியான மாற்றம் இல்லை.

அப்படியானால் முதலில் கைவிடுவது தசையா, மூளையா? தென்னாப்பிரிக்காவின் டிம் நோக்ஸ், உடம்பு சேதமாவதற்கு முன்பே மூளை தசைகளை அடக்கிவிடுகிறது என்றார். இத்தாலியரான சாமுவேல் மார்கோரா வேறு விதமாகச் சோதித்தார். ரக்பி வீரர்களை இனி முடியாது என்று நிற்கும்வரை சைக்கிள் மிதிக்க வைத்து, நின்ற மறுகணமே ஐந்து விநாடி முழு பலத்தோடு மிதிக்கச் சொன்னார். எந்த அளவில் முடியாது என்று நிறுத்தினார்களோ, அதைப் போல மூன்று மடங்கு ஆற்றல் வந்தது. முயற்சி தாங்க முடியாததாகத் தோன்றும்போதே மனிதர் நிறுத்துகிறார் என்பது அவர் முடிவு. இந்த விவாதம் இன்னும் தீரவில்லை.

‘பார்த்தாயா, மனசுதான்’ என்று சாலியைச் சாடியவர்கள் இதைக் கையில் எடுத்துக்கொள்ளலாம். நான் அப்படிப் படிக்கவில்லை. மூளையும் உடம்பின் உறுப்புதானே? ஆக்சிஜன் குறைந்து, அமிலம் ஏறிய ரத்தம் பாயும் மூளை எடுக்கும் முடிவைக் கோழைத்தனம் என்று எப்படிச் சொல்வது? அந்தப் படகில் அன்று யாரும் யாருடைய மூளையையும் அளக்கவில்லை.

தளர்ந்தவரைக் குற்றம் சாட்டுவது நம் நாட்டிலும் நடந்தது. நாசிக் மாவட்டத்தில் கிணறு வெட்டும் தொழிலாளியின் மகன் தத்து போகனல். ராணுவத்தில் சேர்ந்த பிறகுதான் துடுப்பைத் தொட்டார். 2016 ரியோ ஒலிம்பிக்கில் தனிநபர் பிரிவில் 13-ஆம் இடம் பிடித்தார். தாய் விபத்தில் அடிபட்டு, மகனையே அடையாளம் தெரியாமல் கிடந்த காலம் அது. 2018 ஆசியப் போட்டியின் தனிநபர் இறுதியில் உடல்நலமின்றிப் பாதியில் தளர்ந்து கடைசியாக வந்தார். மறுநாளே நால்வர் படகில் தங்கம். ஆனால் முந்தைய நாளின் தளர்ச்சிக்காக, வேண்டுமென்றே முயலவில்லை என்று இந்தியத் துடுப்புக் கூட்டமைப்பு 2019-இல் இரண்டு ஆண்டு தடை விதித்தது, 2020-இல் நீக்கியது. தளர்ந்தவரைத் தண்டிக்கும் முன் மருத்துவரின் கருத்து முதலில் வர வேண்டும்.

நிறுத்தாமல் வலித்தவர்களும் விலை கொடுக்கிறார்கள். முன்னணி வீரர்களில் சுமார் பத்தில் ஒருவருக்கு, அடிபடாமலே, ஓயாமல் இழுப்பதாலேயே விலா எலும்பில் விரிசல் விழுகிறது. இருமினாலும் படுக்கையில் புரண்டாலும் குத்தும் வலி அது. முதுகுவலி அதைவிடச் சாதாரணம். தொடர்ந்து ஐந்து ஒலிம்பிக்கில் தங்கம் வென்ற ஸ்டீவ் ரெட்கிரேவ், கடைசித் தங்கத்தைப் பெருங்குடல் அழற்சியோடும் நீரிழிவோடும், இன்சுலின் போட்டுக்கொண்டே வென்றார். சிட்னி ஒலிம்பிக்கின் அந்தப் போட்டியில் இத்தாலியை முந்தியது 0.38 விநாடியில்.

ஓர் ஆஸ்திரேலிய ஆய்வு, 45 வயதைத் தாண்டிய முன்னாள் முன்னணித் துடுப்பு வீரர்களைப் பரிசோதித்தது. ஐந்தில் ஒருவருக்கு மேல் ஏட்ரியல் ஃபிப்ரிலேஷன் என்ற இதயத் துடிப்புக் கோளாறு இருந்தது. ஒப்பிட்டுப் பார்த்த பொதுமக்களில் அது நூற்றுக்குச் சுமார் மூன்று பேருக்குத்தான். பக்கவாத அபாயத்தைக் கூட்டும் கோளாறு இது. ஓர் எளிய இசிஜியில் பிடிபடக்கூடியது. போட்டியிலிருந்து ஓய்வு பெற்றதும் வீரருக்கும் அணி மருத்துவருக்கும் உள்ள தொடர்பு அறுந்துவிடுகிறது. அந்த இசிஜியை யார் எடுப்பது என்பதைப் பதக்கம் வாங்கிய நாடுகள்தான் சொல்ல வேண்டும்.