கொரோனா நோய்: அறிகுறிகளை இனங்காணும் முறை

நெல் வயலில் இலை மஞ்சளாவதைக் கண்டதும் அனுபவமுள்ள உழவர் மருந்துக் கடைக்கு ஓடுவதில்லை. அடியிலைகள் முதலில் மஞ்சளாகி, வயல் முழுதும் ஒரே சீராக வெளுத்திருந்தால் தழைச்சத்துக் குறை என்று கருதுகிறார். ஆங்காங்கே திட்டுத் திட்டாகப் பயிர் குட்டையாகி, இலை ஆரஞ்சு கலந்த மஞ்சள் நிறம் கொண்டு, பச்சைத் தத்துப்பூச்சியும் காணப்பட்டால் துங்ரோ என்னும் நச்சுயிரி நோயோ என்று ஐயுறுகிறார். நடவு செய்து எத்தனை நாள் ஆயிற்று என்பதையும் கணக்கிடுகிறார். அறிகுறிகள், நாட்கள், சூழ்நிலை ஆகிய மூன்றையும் சேர்த்துப் பார்த்த பின்னரே முடிவுக்கு வருகிறார்.

வீட்டில் ஒருவருக்குக் காய்ச்சல் கண்டாலும் இதே முறையைக் கையாள வேண்டும். ஆனால் பயிருக்குக் காட்டும் கவனத்தை நாம் உடலுக்குக் காட்டுவதில்லை. "வெறும் சளிதான்", "நடவு முடியட்டும்", "களத்து நெல் வீடு சேரட்டும்" என்று நாளைக் கடத்துகிறோம். கொரோனா நோயில் இவ்வாறு கடத்தும் இரண்டு மூன்று நாட்களே உயிருக்கு உலை வைப்பவை. ஆகவே இந்நோயின் அறிகுறிகளையும், பிற காய்ச்சல்களிலிருந்து இதைப் பிரித்தறியும் வழிகளையும் இக்கட்டுரையில் காண்போம்.

நோயின் வரலாறு

இந்நோய் 2019 டிசம்பரில் சீன நாட்டின் ஊகான் நகரில் முதலில் கண்டறியப்பட்டது. இந்தியாவின் முதல் நோயாளி 2020 ஜனவரி 30 அன்று கேரளத்திலும், தமிழ்நாட்டின் முதல் நோயாளி 2020 மார்ச் 7 அன்றும் அறியப்பட்டனர். 2020 மே மாதத்தில் சென்னை கோயம்பேடு சந்தையில் நோய் பரவியதால் மே 5 அன்று அச்சந்தை மூடப்பட்டது. அங்கிருந்து சொந்த ஊர் திரும்பிய தொழிலாளர்கள் வழியாகக் கடலூர், விழுப்புரம், அரியலூர் மாவட்டக் கிராமங்களிலும் நோய் தலைகாட்டியது. காய்கறி சென்ற பாதையிலேயே நோயும் திரும்பி வந்ததை உழவர்கள் அன்று நேரில் கண்டனர். 2021 ஏப்ரல், மே மாதங்களில் வீசிய இரண்டாம் அலையில் கிராமங்களும் கடுமையாகப் பாதிக்கப்பட்டன.

உலக சுகாதார நிறுவனம் 2023 மே 5 அன்று அவசர நிலையை விலக்கிக்கொண்டது. எனினும் கிருமி மறைந்துவிடவில்லை. உருமாறிய வகைகளாக இன்றும் மக்களிடையே உலவுகிறது. இடையிடையே எண்ணிக்கை ஏறுவதும் இறங்குவதுமாக உள்ளது. தடுப்பூசியாலும், முன்பு நோய் கண்டதால் உண்டான எதிர்ப்பாற்றலாலும் பெரும்பாலோருக்கு இப்போது இது சளிக்காய்ச்சல் அளவிலேயே நின்றுவிடுகிறது. முதியோருக்கும் பிற நோயுள்ளோருக்கும் மட்டும் ஆபத்து முற்றிலும் நீங்கிவிடவில்லை.

நோய்க் காரணி

கொரோனா என்ற சொல்லுக்குக் கிரீடம் என்று பொருள். மின்னணு நுண்ணோக்கியில் பார்க்கும்போது இவ்வைரசின் மேற்புறத்திலுள்ள முட்கள் கிரீடம்போலத் தோன்றுவதால் இப்பெயர் வந்தது. இக்குடும்பத்தைச் சேர்ந்த வைரசுகள் பல. கோழிகளில் மூச்சுக்குழாய் அழற்சி நோயையும், இளங்கன்றுகளில் கழிச்சலையும் உண்டாக்கும் கொரோனா வைரசுகள் உண்டு. அவை வேறு, மனிதரில் கோவிட் நோயை உண்டாக்குவது வேறு. 2020ஆம் ஆண்டின் தொடக்கத்தில் கோழி இறைச்சியால் கொரோனா வரும் என்ற வதந்தி கிளம்பி, விலை சரிந்து, கோழிப் பண்ணையாளர்கள் பெரும் நட்டமடைந்தனர். அவ்வாறு அஞ்சுவதற்கு ஆதாரம் ஏதுமில்லை.

பரவும் விதம்

நோயாளி இருமும்போதும், தும்மும்போதும், உரக்கப் பேசும்போதும் வெளிப்படும் நுண்துளிகள் வழியாக நோய் பரவுகிறது. காற்றோட்டமுள்ள திறந்த வயலைவிட, ஆட்களை நெருக்கி ஏற்றிச் செல்லும் மூடிய வண்டி, சாளரமற்ற கிடங்கு, மழைக்கு ஒதுங்கும் மோட்டார்க் கொட்டகை ஆகிய இடங்களில் பரவல் அதிகம். அறிகுறி தோன்றுவதற்கு ஏறத்தாழ இரண்டு நாள் முன்னரே ஒருவர் நோயைப் பரப்பக்கூடும். கிருமி புகுந்த 2 முதல் 14 நாட்களுக்குள் அறிகுறிகள் தோன்றும். அண்மைக்கால வகைகளில் பெரும்பாலும் மூன்று நான்கு நாட்களிலேயே தோன்றிவிடுகின்றன.

பொதுவான அறிகுறிகள்

காய்ச்சல், வறட்டு இருமல், தொண்டை வலி, மூக்கு ஒழுகுதல், தலைவலி, உடல்வலி, மிகுந்த சோர்வு ஆகியவை பொதுவாகக் காணப்படும். சிலருக்கு வயிற்றுப்போக்கும் குமட்டலும் உண்டாகும். தொடக்கக் கால வகைகளில், மூக்கடைப்பு இல்லாதபோதே வாசனையும் சுவையும் தெரியாமற் போவது குறிப்பிடத்தக்க அடையாளமாக இருந்தது. 2021 இறுதியில் வந்த ஒமிக்ரான் வகைக்குப் பிறகு இவ்வடையாளம் குறைந்து, தொண்டை வலியும் சளியும் மிகுந்து காணப்படுகின்றன. ஆகவே "மல்லி வாசனை தெரிகிறது, எனக்குக் கொரோனா இல்லை" என்று இன்று முடிவு கட்டுவது தவறாகும்.

முதியோரிடம் காய்ச்சலே இல்லாமலும் நோய் இருக்கக்கூடும். உணவை மறுத்தல், படுக்கையை விட்டு எழாமை, நடக்கையில் தடுமாறி விழுதல், பேச்சில் குழப்பம் ஆகியவையே முதல் அறிகுறிகளாக இருக்கலாம். "வயதாகிவிட்டது" என்று இவற்றை ஒதுக்கிவிடலாகாது.

நாட்களைக் கணக்கிடுங்கள்

முதல் அறிகுறி தோன்றிய தேதியைச் சுவரில் தொங்கும் நாட்காட்டியில் குறித்து வைக்க வேண்டும். முதல் மூன்று நான்கு நாட்கள் காய்ச்சலும் உடல்வலியும் இருக்கும். பெரும்பாலோர் ஒரு வாரத்தில் தேறிவிடுவர். நோய் முற்றுகிறவர்களுக்கு 5ஆம் நாளிலிருந்து 10ஆம் நாள் வரையிலான காலமே ஆபத்தானது. காய்ச்சல் தணிந்ததுபோல் தோன்றும் இக்காலத்தில் நுரையீரல் பாதிப்பு மிகலாம். காய்ச்சல் விட்டதும் வரப்பு வெட்டவும் தண்ணீர் பாய்ச்சவும் புறப்படுவோர் இதை நினைவில் கொள்ள வேண்டும்.

இந்நோயின் மற்றொரு தன்மை மேலும் அபாயகரமானது. இரத்தத்தில் பிராணவாயு குறைந்தாலும், சிலருக்கு மூச்சுத் திணறல் உடனே தெரிவதில்லை. பேசுவார், காப்பி குடிப்பார், திண்ணையில் உட்கார்ந்திருப்பார். ஆனால் உள்ளே அளவு இறங்கிக்கொண்டிருக்கும். ஆகவே இந்நோயில் காய்ச்சலைவிட மூச்சையே கூர்ந்து கவனிக்க வேண்டும்.

மூச்சைக் கணக்கிடும் முறை

நோயாளி அமைதியாக அமர்ந்திருக்கும்போது, அவரறியாமல், மார்பு எத்தனை முறை உயர்ந்து தாழ்கிறது என்று ஒரு நிமிடம் முழுதும் எண்ண வேண்டும். பெரியவர்களுக்கு 12 முதல் 20 வரை இயல்பானது. 24 அல்லது அதற்கு மேல் இருந்தால் மருத்துவமனைக்குச் செல்ல வேண்டும். 30ஐத் தாண்டினால் அவசர நிலை. இதற்குக் கடிகாரம் ஒன்று போதும்.

விரலில் மாட்டும் பல்ஸ் ஆக்சிமீட்டர் கருவி கிடைத்தால் நாளொன்றுக்கு மூன்று நான்கு முறை பார்த்துக் குறித்துக்கொள்ளலாம். ஐந்து நிமிடம் ஓய்வாக அமர்ந்தபின், சேறு நீக்கிக் கழுவித் துடைத்த விரலில் கருவியை மாட்டி, எண் நிலையாக நிற்கும்வரை காத்திருக்க வேண்டும். நகப்பூச்சு, மருதாணி, குளிர்ந்த விரல் ஆகியவை அளவைப் பிழையாகக் காட்டும். 95 முதல் 100 வரை இயல்பு. 94க்குக் கீழ் இறங்கினால் வீட்டில் வைத்திருக்கலாகாது. கருநிற மேனியருக்கு இக்கருவி உண்மை அளவைவிடச் சற்றுக் கூடுதலாகக் காட்டக்கூடும். எனவே எண் சரியாக இருந்தும் நோயாளி மூச்சு வாங்கினால் மூச்சையே நம்ப வேண்டும்.

அமர்ந்திருக்கையில் அளவு சரியாக இருப்பவர் வீட்டுக்குள் ஆறு நிமிடம் நடந்தபின் மறுபடி பார்க்கலாம். 60 வயதைக் கடந்தோர் மூன்று நிமிடம் நடந்தால் போதும். நடந்தபின் அளவு 3 புள்ளிகள் குறைந்தாலோ, 94க்குக் கீழ் சென்றாலோ மருத்துவரை அணுக வேண்டும். ஆஸ்துமா உள்ளவர்கள் இந்நடைச் சோதனையைச் செய்யலாகாது.

பிற நோய்களிலிருந்து பிரித்தறிதல்

வயல் வேலை செய்வோருக்கு வரும் காய்ச்சல் எல்லாம் கொரோனா அன்று. கீழ்க்காணும் வேறுபாடுகளை நினைவில் கொள்வது நலம்.

எலிக்காய்ச்சல்: எலியின் சிறுநீர் கலந்த சேற்றிலும் தேங்கிய நீரிலும் வெறுங்காலுடன் வேலை செய்வோருக்கு வரும். கடுங்காய்ச்சலுடன் கெண்டைக்கால் தசையில் வலி, கண் சிவத்தல் ஆகியவை தென்படும். முற்றினால் மஞ்சள் காமாலையும் சிறுநீர் குறைதலும் உண்டாகும்.

உண்ணிக் காய்ச்சல்: புதர், வரப்புப் புல் ஆகியவற்றில் உள்ள நுண்ணிய சிலந்திப்பேன் இளம்புழுக்கள் கடிப்பதால் வருவது. அக்குள், இடுப்பு, தொடையிடுக்கு ஆகிய மறைவிடங்களில் சிகரெட் சுட்டதுபோன்ற வலியற்ற கருத்த புண் இருக்கிறதா என்று பார்க்க வேண்டும். இதற்கு நல்ல மருந்து உண்டு, தாமதமே ஆபத்து.

டெங்கு: கண்ணுக்குப் பின்னால் வலி, கடும் மூட்டு வலி, தோலில் சிவப்புப் புள்ளிகள் காணப்படும். இருமலும் சளியும் பொதுவாக மிகுந்திராது. காய்ச்சல் இறங்கும் நாட்களில் வயிற்று வலி, தொடர்ந்த வாந்தி, இரத்தக் கசிவு ஆகியவை வந்தால் உடனே மருத்துவமனை செல்ல வேண்டும்.

பூச்சிமருந்து நஞ்சு: குயினால்பாஸ், புரோபெனோபாஸ் போன்ற பாஸ்பரஸ் வகை மருந்துகளைத் தெளித்த சில மணி நேரத்திற்குள் மார்பு இறுக்கமும் மூச்சுத் திணறலும் வந்தால் இதை ஐயுற வேண்டும். எச்சில், கண்ணீர், வியர்வை பெருகுதல், கண்மணி ஊசிமுனைபோல் சுருங்குதல், வாந்தி, தசைத் துடிப்பு ஆகியவை இதன் அடையாளங்கள். உடையைக் களைந்து உடலைச் சோப்பிட்டுக் கழுவி, மருந்துப் புட்டியின் சீட்டையும் எடுத்துக்கொண்டு மருத்துவமனைக்கு விரைய வேண்டும்.

தூசி ஒவ்வாமை: போரடித்தல், தவிடு அள்ளுதல் ஆகியவற்றின்போது வரும் தும்மலும் கண் அரிப்பும் வேலையை நிறுத்தினால் குறையும். காய்ச்சல் இராது.

காசநோய்: இருமல் இரண்டு வாரத்திற்கு மேல் நீடித்து, மாலைக் காய்ச்சலும் எடை குறைதலும் இருந்தால் சளிப் பரிசோதனை செய்ய வேண்டும்.

இவ்வேறுபாடுகள் ஐயத்தை எழுப்புவதற்கே. ஒரே வேளையில் இரண்டு நோய்கள் இருத்தலும் கூடும். உறுதி செய்வது பரிசோதனையாலேயே இயலும். விரைவுச் சோதனையில் கிருமி இல்லை என்று வந்தாலும் அறிகுறிகள் தொடர்ந்தால் ஆர்.டி.பி.சி.ஆர். சோதனை செய்துகொள்ள வேண்டும். மருத்துவரிடம் நாள் கணக்கையும், செய்த வேலையையும், தெளித்த மருந்தையும் மறைக்காமல் கூறுவது பாதி வைத்தியமாகும்.

உடனே மருத்துவமனைக்குச் செல்ல வேண்டிய நிலைகள்

1. மூச்சுத் திணறல், அல்லது ஒரு வாக்கியத்தை முழுதாகப் பேச இயலாமை.
2. பிராணவாயு அளவு 94க்குக் கீழ் இறங்குதல்.
3. நெஞ்சில் தொடர்ந்த வலி அல்லது இறுக்கம்.
4. உதடு, நகம் நீலம் பாய்தல்.
5. குழப்பம், அளவு கடந்த தூக்கம், எழுப்பினால் எழாமை.
6. ஐந்து நாளாகியும் காய்ச்சல் விடாமை, அல்லது விட்ட காய்ச்சல் மீண்டும் ஏறுதல்.

108 எண்ணுக்கு அழைத்தால் அவசர ஊர்தி வரும். அது வரும்வரை நோயாளியைக் குப்புறப் படுக்க வைத்தால் மூச்சு விடுதல் எளிதாகும். கர்ப்பிணிகளை இவ்வாறு படுக்க வைக்கலாகாது. 60 வயதைக் கடந்தோர், நீரிழிவு, இரத்த அழுத்தம், இருதயம், சிறுநீரகம், நுரையீரல் நோயுள்ளோர், கர்ப்பிணிகள் ஆகியோர் மேற்கண்ட நிலைக்குக் காத்திராமல் முதல் இரண்டு நாட்களிலேயே ஆரம்ப சுகாதார நிலையத்தை அணுகுதல் வேண்டும்.

செய்யத் தகாதவை

மருந்துக் கடையில் தாமாகவே ஸ்டீராய்டு மாத்திரை வாங்கி விழுங்கலாகாது. டெக்சாமெத்தசோன் என்னும் விலை மலிந்த மருந்து உயிர் காக்கும் என்று இங்கிலாந்தில் நடந்த ஆய்வு 2020 ஜூனில் தெரிவித்தது உண்மையே. ஆனால் பிராணவாயு தேவைப்படும் நிலையில் இருந்தவர்களுக்கே அது பயன் தந்தது; மற்றவர்களுக்குப் பயனில்லை, தீங்கு நேரவும் கூடும். பூக்கும் பருவத்திற்குரிய மருந்தை நாற்றங்காலில் தெளிப்பது போன்றதே இது. 2021இல் நீரிழிவும் ஸ்டீராய்டும் சேர்ந்த பலருக்குக் கரும்பூஞ்சை நோய் கண்டதையும் மறக்கலாகாது.

கபசுரக் குடிநீர் அருந்துவோர் அருந்தலாம். அதை அருந்துகிறோம் என்ற தைரியத்தில் மூச்சு எண்ணுவதையும் பரிசோதனையையும் விட்டுவிடலாகாது. காய்ச்சலுடன் நடவுக்கோ அறுப்புக்கோ ஆட்களுடன் ஒரே வண்டியில் செல்லலாகாது. கூலி போய்விடுமே என்று அஞ்சி அறிகுறியை மறைக்கும் தொழிலாளிக்கு நில உடைமையாளர் துணை நிற்க வேண்டும். ஒருவர் மறைத்தால் குழு முழுவதும் படுத்துவிடும்; பருவமும் தவறிவிடும்.

முடிவுரை

பயிர் பட்டுப்போனால் அடுத்த பட்டத்தில் மீண்டும் விதைக்கலாம். விதைக்கும் கை போனால் திரும்ப வராது. ஆகவே உழவர் பெருமக்கள் காய்ச்சல் கண்ட நாளைக் குறித்து வைத்து, 5 முதல் 10ஆம் நாள் வரை விழிப்புடன் இருந்து, நாள்தோறும் மூச்சை எண்ணிப் பார்த்து, ஐயம் எழுந்தவுடன் மருத்துவரை நாடித் தம்மையும் தம் குடும்பத்தையும் காத்துக்கொள்வார்களாக.