கோலாலம்பூர்ப் பையன் 'அங்கிள் ரோஜர்' ஆன கதை

பிரிக்பீல்ட்ஸில் துன் சம்பந்தன் நிலையத்தில் மோனோரயில் ஏறினால் நான்காவது நிறுத்தம் புக்கிட் பிந்தாங். அங்கே பெவிலியன் பேரங்காடியில் 2024 செப்டம்பரில் ஒரு பிரட்டல் சோற்றுக் கடை திறந்தது. கடையின் முகம் அங்கிள் ரோஜர் என்ற நகைச்சுவைப் பாத்திரம்: ஆரஞ்சு போலோ சட்டை, வாய்க்கு வாய் "ஃபூயோ", "ஹையா". சட்டைக்குள் இருப்பவர் நைஜல் இங். 1991-இல் கோலாலம்பூரில் பிறந்து, அமெரிக்காவில் பொறியியல் படித்து, லண்டனில் தரவு ஆய்வாளராக வேலை பார்த்தவர்.

பிரிட்டனில் மேடை நகைச்சுவைக்குப் படிக்கட்டு போட்டு வைத்திருக்கிறார்கள். முதலில் பப் மாடியில் காசில்லாமல் ஐந்து நிமிடம். தாக்குப்பிடித்தால் இருபது நிமிடம். பிறகு ஆகஸ்டு மாத எடின்பரோ விழாவில் முழு ஒரு மணி நேரம். அங்கே பெயர் எடுத்தால் தொலைக்காட்சிக்காரர்கள் கூப்பிடுவார்கள். இலங்கைத் தமிழ்ப் பெற்றோரின் மகன் ரொமேஷ் ரங்கநாதன், கணக்கு வாத்தியார் வேலையை விட்டு இந்த வழியில் ஏறித்தான் பாஃப்டா விருது வரை போனார்.

நைஜலும் ஏறினார். 2019-இல் எடின்பரோவின் சிறந்த புதுமுக விருதுக்கான பட்டியலில் அவர் பெயர் இருந்தது. மறு வருடம் கோவிட் வந்து மேடைகளை மூடியது.

அவரைத் தூக்கிவிட்டது 2020 ஜூலையில் வந்த ஒரு காணொளி. பிபிசி சமையல் நிகழ்ச்சியில் ஹெர்ஷா பட்டேல் முட்டைப் பிரட்டல் சோறு செய்கிறார். வெந்த சோற்றைச் சல்லடையில் கொட்டிக் குழாய்த் தண்ணீரில் அலசுகிறார். அதைப் பார்த்து அங்கிள் ரோஜர் அலறிய அலறல் உலகம் முழுக்கக் கேட்டது. நானும் சிரித்தேன். ஆனால் கிள்ளான் தோட்டத்து வீடுகளில் வடிதட்டு வைத்துக் கஞ்சி வடித்த பாட்டிமார்கள் ஆசியர்கள் இல்லையா? அவருடைய 'ஆசியா'வில் குக்கர் சோறு மட்டும்தான். அங்கிள் ரோஜரின் ஆங்கில உச்சரிப்பும் நைஜலின் சொந்தப் பேச்சு அல்ல. வெள்ளைக்காரன் சிரிக்க நம் மாமாவை விற்கிறார் என்று திட்டியவர்கள் உண்டு. எனக்கு அது பாதி நியாயமாகவே படுகிறது. ஆனால் அந்த மாமா இங்குள்ள ஒவ்வொரு கோப்பிக் கடையிலும் உட்கார்ந்திருக்கிறார், அவரைப் பார்த்து முதலில் சிரிப்பதும் நாம்தான். சீனாவில் எழுந்த கோபம் வேறு வகை. சீன அரசைச் சீண்டிய ஒரு நகைச்சுவைக்காக 2023-இல் அங்குள்ள சமூக ஊடகங்கள் அவர் கணக்குகளை முடக்கின.

இங்கேயே இருந்திருந்தால் இவ்வளவு தூரம் வந்திருப்பாரா? தாமான் துன் டாக்டர் இஸ்மாயிலில் 2014-இல் தொடங்கிய கிராக்ஹவுஸ் காமெடி கிளப், உள்ளூர்க் கலைஞர்கள் வாரந்தோறும் வாயைப் பழக்கிய இடம். 2022-இல் மேடையேறிய ஒரு பெண்ணின் செயல் சமயச் சர்ச்சையானது. கோலாலம்பூர் மாநகர் மன்றம் கிளப்பின் உரிமத்தையே ரத்து செய்தது. நம்மவர், மலேசிய நகைச்சுவைக் கலைஞர் கவின் ஜேயின் நெட்பிளிக்ஸ் நிகழ்ச்சி 2018-இல் வந்தது. அதில் அவர் முன்னால் உட்கார்ந்து சிரிப்பவர்கள் சிங்கப்பூர்க்காரர்கள்.