கோவிலின் வடிவமும் வழிபாட்டின் வடிவமும்

ஒரு வணக்கத்தலம் கல்லாலும் சுண்ணாம்பாலும் மரத்தாலும் ஆயது. ஆயினும், அதனுட் புகுவோன் எங்கே நிற்றல் வேண்டும், எத்திசையை நோக்குதல் வேண்டும், வாய் திறத்தல் வேண்டுமா, செவி சாய்த்தல் வேண்டுமா என்பவற்றை அது சொல்லின்றியே கட்டளையிடுகின்றது. பல தலைமுறைகள் அக்கட்டளைக்குப் பணிந்து நடந்தபின், அதுவே சமயத்தின் இயல்பு என்று மக்கள் எண்ணத் தலைப்படுகின்றனர். கிறிஸ்தவ ஆலயங்களின் வரலாறு இவ்வுண்மையை நன்கு விளக்குவதாகும்.

சைவக் கோவிலை நன்கறிந்த தமிழர்க்கு இவ்வேறுபாடு எளிதிற் புலனாகும். சைவக் கோவிலின் உயிர்நிலை கருவறை. அது சிறியது; இருள் சூழ்ந்தது. அடியார் தத்தமக்கு இயன்ற நேரத்தில் வந்து, வலம் வந்து, தரிசித்து மீள்வர். எல்லாரும் ஒரே வேளையில் ஓரிடத்தில் அமர்தல் வேண்டும் என்னும் நியதி அங்கு இல்லை. கிறிஸ்தவ வழிபாடோ தொடக்கத்திலேயே ஒரு சபையின் கூட்டமாக அமைந்தது. அப்பத்தைப் பகிரவும் வேதத்தைக் கேட்கவும் மக்கள் ஒன்றுகூடினர். கூடுதற்கு வேண்டிய இடமே கிறிஸ்தவ ஆலயத்தின் மூலவித்து.

அவ்விடம் முதலில் ஒரு சாதாரண வீடாகவே இருந்தது. சிரியா தேசத்தில், யூபிரத்தீசு நதிக்கரையிலுள்ள தூரா யூரோப்பசு என்னும் பாழ்நகரில் அத்தகைய வீடொன்று அகழ்ந்தெடுக்கப்பட்டது. ஏறத்தாழக் கி.பி. 240ஆம் ஆண்டளவில் அவ்வீட்டின் இரண்டு அறைகளுக்கு இடையே இருந்த சுவரை நீக்கிக் கூடம் ஒன்று அமைத்திருந்தனர்; மற்றோர் அறையில் ஞானஸ்நானத் தொட்டி இருந்தது. வெளியிலிருந்து நோக்குவோர்க்கு அது தெருவிலுள்ள ஏனைய வீடுகளைப் போன்றதே. அரசின் ஆதரவற்ற ஒரு சிறு கூட்டத்தின் சமயத்துக்கு அவ்வடிவம் பொருத்தமாயிருந்தது.

கி.பி. 313இல் உரோமப் பேரரசில் கிறிஸ்தவருக்கு வழிபாட்டுரிமை கிடைத்ததும் நிலைமை மாறிற்று. பெருந்திரளான மக்களுக்கு இடம் வேண்டியதாயிற்று. பேரரசன் கொன்ஸ்தந்தீன் காலத்துச் சிற்பிகள் அதற்கெனத் தெரிந்துகொண்ட வடிவம் பசிலிக்கா என்பது. அது தேவகோட்டம் அன்று. வழக்குரைக்கவும் வணிகம் பேசவும் உரோமர் அமைத்த நீண்ட பொதுமண்டபம். அதன் கோடியில் அரைவட்ட மாடத்தில் நீதிபதி வீற்றிருப்பதுண்டு. அவ்விடத்தில் இப்பொழுது ஆயர் அமர்ந்தார். அவர் முன்னே பலிபீடம் நின்றது. வீட்டிலே ஒருவரையொருவர் முகம் பார்த்து இருந்தவர்கள், நெடுமண்டபத்திலே எல்லாரும் ஒரே கோடியை நோக்கி நிற்பாராயினர். குருவும் மக்களும் என்னும் இரு பகுதி அம்மண்டபத்தின் நீளத்தில் அளந்து காட்டப்பட்டது.

மத்திய காலத்தில் அந்நீளம் மேலும் வளர்ந்தது. பிரான்சு தேசத்துச் சார்த்தர் நகரப் பேராலயம் 1194ஆம் ஆண்டுத் தீக்குப் பின்னர் புதிதாக எழுந்தபோது, அதன் உட்கூரை ஏறத்தாழ 37 மீற்றர் உயரத்தில் வளைந்து நின்றது. வண்ணக் கண்ணாடி யன்னல்களூடாக வரும் ஒளி எழுத்தறியாதார்க்கும் வேதக்கதைகளைக் காட்டிற்று. அத்தகைய கல்மண்டபத்திலே ஓசை நெடுநேரம் முழங்கி அடங்கும். இழுத்துப் பாடும் இலத்தீன் கீதத்துக்கு அது இனிமை தரும். விரைந்து பேசும் பிரசங்கத்துக்கோ இடையூறாகும். அங்கே மக்கள் பெரும்பாலும் கண்ணாலேயே வழிபட்டனர் எனலாம்.

பதினாறாம் நூற்றாண்டில் எழுந்த சமயச் சீர்திருத்தம் கண்ணின் இடத்தைச் செவிக்கு அளித்தது. திருவசனம் கேட்கப்பட வேண்டும் என்பதே புரட்டஸ்தாந்தரின் முதற்கருத்து. ஆகவே பிரசங்க பீடம் உயர்ந்தது. அதன்மேல் ஒலியைக் கீழ்நோக்கித் திருப்பும் மரக்கூரை அமைந்தது. நெடுநேரம் அமர்ந்து கேட்பதற்கு வாங்குகள் நிரையாக இடப்பட்டன. 1666ஆம் ஆண்டு இலண்டன் மாநகரம் எரிந்தபின் அங்கே பல ஆலயங்களைக் கட்டிய கிறிஸ்தோபர் ரென், 1711இல் இதனைக் கணக்கிட்டே எழுதினார். பிரசங்கியாரின் குரல் அவருக்கு முன்னே 50 அடியும், இருபக்கமும் 30 அடியும், பின்னே 20 அடியும் தெளிவாய்க் கேட்கும் என்பது அவர் கண்ட அளவு. பெரிய ஆலயம் என்பதினும் எல்லார்க்கும் கேட்கும் ஆலயமே சிறந்தது என்னும் எண்ணம் இவ்வளவுகளிலே பொதிந்துள்ளது.

இவ்விரு மரபுகளும் கப்பலேறி இலங்கைக்கு வந்தன. போர்த்துக்கேயர் பலிபீடத்தையும் திருச்சொரூபங்களையும் நடுவாகக் கொண்ட ஆலயங்களை எழுப்பினர். 1658இல் யாழ்ப்பாணத்தைக் கைப்பற்றிய ஒல்லாந்தர் அவ்வாலயங்கள் பலவற்றைத் தமதாக்கி, சொரூபங்களை அகற்றிப் பிரசங்க பீடத்தை நிறுவினர். கொழும்பில் 1749இல் தொடங்கி 1757இல் நிறைவுற்ற வுல்வெண்டால் ஆலயம் அவர்தம் கருத்தின் முழுவடிவமாகும். சிலுவை உருவாய் அமைந்த தரை, தடித்த சுவர்கள், ஆடம்பரமற்ற வெண்மை, தளத்திலே பதித்த கல்லறைக் கற்கள் ஆகியவற்றை அங்கே இன்றும் காணலாம். யாழ்ப்பாணக் கோட்டைக்குள் 1706இல் ஒல்லாந்தர் எழுப்பிய சிலுவைக் கோவிலோ அண்மைக்காலப் போரில் இடிந்து கற்குவியலாயிற்று.

வட்டுக்கோட்டை ஆலயத்தின் வரலாறு இவ்விடத்தில் நோக்கற்பாலது. போர்த்துக்கேயர் காலத்தில் பூசை நிகழ்ந்த இடம், ஒல்லாந்தர் காலத்தில் பிரசங்கத் தலமும் பாடசாலையும் ஆயிற்று. ஞானஸ்நானமும் விவாகமும் அக்காலத்தில் ஆலயங்களிலே பதியப்பட்டன. பதிவின்றேல் உரிமைகளும் உத்தியோகமும் எளிதிற் கிட்டா. ஆதலின் மனத்தளவில் சைவராயிருந்தோர் பலரும் ஆலயத்துக்குச் சென்று வந்தனர். ஆட்சி மாறியதும் அவருட் பெரும்பாலார் பழைய வழிக்கே திரும்பினர். ஆலயங்கள் கூரையிழந்து பாழாயின. 1816இல் வந்த அமெரிக்க மிஷனரிமார் தெல்லிப்பழையிலும் வட்டுக்கோட்டையிலும் அப்பாழ்சுவர்களையே மீளப் புதுக்கினர்; வட்டுக்கோட்டையில் 1823இல் புகழ்பெற்ற செமினரி தொடங்கிற்று. 1947க்குப் பின்னர் அவ்வாலயம் தென்னிந்திய திருச்சபையின் யாழ்ப்பாண ஆதீனத்துப் பேராலயமாக விளங்குகின்றது. கட்டடம் பழக்கத்தை ஆக்கவல்லது. நம்பிக்கையை ஆக்க அது மாத்திரம் போதாது என்பதை இவ்வரலாறு காட்டுகின்றது.

இதன் மறுபக்கத்தை யோசவ் வாஸ் அடிகளாரின் வாழ்க்கை காட்டும். கோவாவைச் சேர்ந்த அக்குரு 1687இல், ஒல்லாந்தரின் தடையுத்தரவு நிலவிய காலத்தில், வறியவர் கோலத்தில் யாழ்ப்பாணம் வந்தார். கத்தோலிக்கருக்கு அப்பொழுது ஆலயம் இல்லை. இரவிலே அடியார் வீடுகளில் பூசை நிகழ்ந்தது. தூரா யூரோப்பசில் நிகழ்ந்ததுபோல, வீடே மீண்டும் கோவிலாயிற்று. கட்டடங்களை இழந்த சமயம் அழியவில்லை. 2015இல் அவ்வடிகளார் கொழும்பிலே புனிதராகப் பிரகடனம் செய்யப்பட்டார்.

ஆலயத்தின் அமைப்பு அயற்சமயத்தாரையும் தொடாமல் விடவில்லை. மிஷனரிமாரின் பிரசங்க முறையை அருகிருந்து கண்டறிந்த ஆறுமுக நாவலர், 1847இல் வண்ணார்பண்ணைச் சிவன் கோவிலிலே சைவப் பிரசங்கத்தைத் தொடங்கினார். வலம் வந்து வணங்கிச் செல்லும் இடமாயிருந்த கோவிலின் மண்டபம், மக்கள் அமர்ந்து செவிமடுக்கும் சபையாகவும் ஆயிற்று.

கட்டடம் ஒன்றுசேர்ப்பது போலப் பிரிக்கவும் வல்லது. திருநெல்வேலிச் சீமையிலுள்ள வடக்கன்குளத்துத் திருக்குடும்ப ஆலயம் இதற்குத் துயரமான சான்று. அங்கே வேளாளரும் நாடாரும் ஒருங்கே அமர இசையாமையால், பத்தொன்பதாம் நூற்றாண்டில், ஒரே பலிபீடத்தை நோக்கி இரு மண்டபங்கள் தனித்தனியே வரும்படி ஆலயம் கட்டப்பட்டது. பீடத்தில் நின்ற குரு இரு திரளையும் கண்டார். ஒரு திரள் மற்றதைக் காணவில்லை. எல்லாரும் ஒரே அப்பத்தில் பங்குகொள்வோர் என்று நாவால் உரைத்ததைச் சுவர் நாள்தோறும் மறுத்து நின்றது. 1910இல் அத்தடைச்சுவர் நீக்கப்பட்டது. அதனை எதிர்த்து எழுந்த வழக்கு நீதிமன்றத்தில் நிலைக்கவில்லை. பல்லாண்டுப் போதனை சாதியாததைச் சுவரொன்றின் வீழ்ச்சி தொடங்கி வைத்தது எனலாம்.

கத்தோலிக்க உலகம் முழுவதையும் தொட்ட மாற்றம் 1962 முதல் 1965 வரை நிகழ்ந்த இரண்டாம் வத்திக்கான் சங்கத்தின் பயனாய் விளைந்தது. அதற்கு முன்னர் பலிபீடம் பின்சுவரோடு ஒட்டியிருந்தது. குரு மக்களுக்கு முதுகு காட்டி, அவர்களோடு ஒரே திசையை நோக்கி நின்று, இலத்தீனிலே பூசை ஒப்புக்கொடுத்தார். பீடம் சுவரினின்று விலகி நிற்பது நலம் என்றும், அதனால் குரு மக்களை நோக்கி நின்று பூசை செய்யலாகும் என்றும் 1964இல் உரோமிலிருந்து அறிவுறுத்தல் வந்தது. தாய்மொழியும் பூசைக்குள் புகுந்தது. சில அடி தூரம் பீடம் முன்னே நகர்ந்தது, அவ்வளவே. ஆயினும் செபமாலையை உருட்டிக்கொண்டு தொலைவில் அமர்ந்திருந்த முதியவள், குருவின் சொல்லுக்குத் தமிழிலே மறுமொழி கூறுபவளானாள். பழைய மௌனத்தின் மாட்சியை இழந்தோம் என வருந்தினாரும் உளர். அவர் வருத்தமும் பொருளற்றதன்று. புதிய அமைப்பு ஒன்றைத் தரும்போது பழைய அமைப்பு தந்த ஒன்று மறைவது இயல்பு.

இனி, ஆலயம் எந்நாட்டு உருவத்தில் இருத்தல் வேண்டும் என்பது மற்றொரு வினா. கூரிய வளைவும் மணிக்கோபுரமுமே கிறிஸ்தவத்தின் அடையாளம் என்று குடியேற்ற ஆட்சிக் காலத்தில் பலர் கருதினர். கண்டித் திரித்துவக் கல்லூரியின் சிற்றாலயம் இதற்கு விடையாக எழுந்தது. வண. எல். ஜே. கெஸ்டர் வகுத்த திட்டப்படி 1923இல் அடிக்கல் நாட்டப்பட்டு, 1935இல் அது அபிஷேகம் பெற்றது. கண்டி அரசரின் சபா மண்டபத்தைப் போன்று, செதுக்கிய கற்றூண்கள் கூரையைத் தாங்க, பக்கங்கள் திறந்து கிடக்கின்றன. மலைக்காற்றும் பறவையொலியும் வழிபாட்டினுள் வருகின்றன. டேவிட் பெயின்ரர் அங்கே தீட்டிய சுவரோவியங்களில் வேதக்காட்சிகள் இந்நாட்டு மக்களின் சாயலோடு விளங்குகின்றன. 1950இல் அமைந்த குருநாகல் மறைமாவட்டத்தின் முதலாவது ஆயர் லக்தாச டி மெல் அவர்களும் தம் பேராலயத்தைச் சுதேச மரபிலேயே கட்டுவித்தார்.

எனினும் இவ்விடையும் முழுமையானதன்று. கண்டிய மண்டபம் சிங்கள அரச மரபின் செல்வம்; வடபுலத்து மீனவரின் ஆலயத்துக்கு அது உரிய உருவமாகுமா? முன்னோர் விட்டுவந்த சமயத்தின் சாயலை மீண்டும் ஆலயத்தில் காண விரும்பாத குடும்பங்களும் உள. யாழ்ப்பாணத்திலும் மன்னாரிலும் உள்ள கத்தோலிக்க மக்கள் இச்சிக்கலை வேறொரு வழியில் தீர்த்தனர். ஆலயத்தின் உட்பகுதி ஐரோப்பிய முறையில் இருக்க, அதன் வெளிமுற்றம் தமிழருடையதாயிற்று. அங்கே கொடிமரம் நிற்கின்றது. கொடியேற்றத்துடன் திருவிழா தொடங்குகின்றது. சொரூபம் வீதிவலம் வருகின்றது. சிற்பி வரையாத இம்முற்றத்தை மக்களின் கால்களே வகுத்தன.

மடுத் திருப்பதியில் இதனை நன்கு காணலாம். ஆவணி நடுவிலே, ஆகஸ்ட் 15ஆம் திகதித் திருவிழாவுக்கு வருவோர் சுற்றியுள்ள காட்டிலே கொட்டில் அமைத்துத் தங்குவர். ஆலயம் அவர்களனைவரையும் கொள்ளாது, காடே ஆலயமாகின்றது. 1990க்குப் பின்னர், போரினால் வீடிழந்த பல்லாயிரவர் அதே வளவில் அடைக்கலம் புகுந்தனர். யாத்திரிகர்க்கென விரிந்த முற்றம் அகதிகளுக்கு வீடாயிற்று. கொழும்புக் கொச்சிக்கடை அந்தோனியார் ஆலயமும் 2019 ஏப்ரில் 21இல் குண்டுவெடிப்பால் சிதைந்து, அவ்வாண்டு யூன் மாதத்திலேயே திருத்தப்பெற்று மீளத் திறக்கப்பட்டது. பல சமயத்தாரும் மெழுகுதிரி ஏற்றி வந்த அவ்வாசல் மூடிக்கிடப்பதை மக்கள் பொறுத்திலர்.

போரில் இடிந்த ஆலயங்களை மீளக் கட்டும் ஊர்களில் இவ்வினா இன்றும் உயிருள்ளது. பழைய உருவையே திரும்ப எழுப்புவதா, புதிதாய் அமைப்பதா? முதியோர்க்குப் பழைய உருவம் பெற்றோரின் நினைவு. இளையோர்க்கு அது அந்நியரின் எச்சம். முடிவு எதுவாயினும், பீடத்துக்கும் கடைசி வாங்குக்கும் இடையே எத்துணைத் தூரம், யார் யார் அருகே அமர்வர், முற்றத்து வாயில் யார்க்குத் திறந்திருக்கும் என்னும் மூன்று கேள்விகளுக்கு விடை கண்ட பின்னரே அத்திவாரம் வெட்டுதல் தகும். கோபுரத்தின் உயரத்தை அதன்பின் நிச்சயித்துக்கொள்ளலாம்.