பேசும் புஸ்தகமும் கேட்கும் குழந்தையும்

புஸ்தகத்தை வாய் பேசாத ஆசான் என்று எண்ணியே நாம் வளர்ந்தோம். இப்போது அந்த ஆசானுக்கு வாய் வந்துவிட்டது. 2018-ஆம் வருஷம் தமிழ் நாட்டில் 1, 6, 9, 11 ஆகிய வகுப்புகளுக்குப் புதிய பாடப் புஸ்தகங்கள் வெளிவந்தபோது, அவற்றின் பக்கங்களில் கறுப்பும் வெள்ளையுமான சிறு சதுரங்கள் காணப்பட்டன. விரைவுக் குறியீடு என்பது அதன் பெயர். 'திக்‌ஷா' என்னும் செயலியைத் திறந்து, கைப்பேசியைச் சதுரத்துக்கு நேரே பிடித்தால், பாடத்துக்குரிய காட்சிகளும் பயிற்சி வினாக்களும் திரையில் தோன்றும். மறு வருஷம் மற்ற வகுப்புகளுக்கும் இவ்வகைப் புஸ்தகங்கள் வந்து சேர்ந்தன.

அடியேன் திருச்சியில் உபாத்தியாயன், குடியிருப்பது ஸ்ரீரங்கத்தில். ஆறாம் வகுப்பில் 'செல்' என்னும் பாடம் நடத்திய அன்று, "சதுரத்தை வீட்டில் திறந்து பார்த்து, கண்டதை எழுதி வாருங்கள்" என்று உற்சாகமாகச் சொல்லிவிட்டேன். மறுநாள் ஒரு சிறுமி வெறும் நோட்டுடன் எழுந்து நின்றாள். அவள் தகப்பனார் காந்தி மார்க்கெட்டில் மூட்டை சுமப்பவர்.

"ஸார், எங்கள் வீட்டில் ஒரே போன்தான். அப்பா அதை எடுத்துக்கொண்டு போய்விடுவார். அவர் வருவதற்குள் நான் தூங்கிவிடுவேன். அப்படியென்றால் என் புஸ்தகத்தில் பாதிதான் இருக்கிறதா, ஸார்?"

எனக்குப் பதில் வரவில்லை. சர்க்கார் எல்லோருக்கும் ஒரே மாதிரி அச்சிட்டுக் கொடுத்த புஸ்தகத்தை, இருப்பவனுக்கு முழுசு, இல்லாதவளுக்குப் பாதி என்று பிரித்தவன் நானல்லவா?

அன்று மாலை காவேரிப் பாலத்தைக் கடந்து வீடு திரும்புகையில் ஈட்டின் ஞாபகம் வந்தது. பதின்மூன்றாம் நூற்றாண்டில் இதே ஸ்ரீரங்கத்தில் நம்பிள்ளை திருவாய்மொழிக்குப் பொருள் சொல்ல, வடக்குத் திருவீதிப்பிள்ளை பகலில் கேட்டதை இரவில் ஓலையில் எழுதி வைத்தார் என்பர். அதுவே ஈடு முப்பத்தாறாயிரப்படி. படி என்பது 32 எழுத்துக்கள் கொண்ட அளவு. அந்த உரையிலே விளக்கம் மட்டுமா இருக்கிறது? சீடர் கேட்ட சந்தேகமும், ஆசிரியர் அளித்த சமாதானமும், கேட்டவர் பெயரோடு பதிவாகியிருக்கின்றன. கேள்வியும் நூலின் ஓர் அங்கம் என்பதை அக்காலத்தவர் அறிந்திருந்தார்கள்.

மறுநாள் முதல் என் வழக்கத்தை மாற்றினேன். சதுரத்தை வகுப்பிலேயே எல்லோருக்கும் பொதுவாகத் திறப்பது; பார்த்தபின் ஒவ்வொருவரும் ஒரு கேள்வி எழுதுவது. அதற்கென்று தனி நோட்டு ஒன்று வைத்தோம். கேட்டவர் பெயரும் அதில் ஏறும். அந்தச் சிறுமி எழுதினாள்: "செல்லுக்குள் காட்டிய நிறங்கள் உண்மையா?"

திரையில் இருந்த வினாக்கள் சரியா தவறா என்று மட்டுமே சொல்லும். இதற்கு அங்கே விடையில்லை. உயிரணுவின் உறுப்புகளில் பெரும்பாலானவை நிறமற்றவை. அடையாளம் தெரிவதற்காகவே வர்ணம் பூசுகிறார்கள். இலையில் உள்ள பசுங்கணிகத்துக்குப் பச்சை மெய்யான நிறம். இதை நான் சொல்லும்போது வகுப்பு முழுவதும் நிமிர்ந்து உட்கார்ந்தது.

எழுதும் முறையும் இவ்வாறே மாறி வருகிறது. இணையத்தில் தமிழ் விக்கிமூலம் என்னும் நூல்நிலையம் உண்டு. பழைய நூலின் பக்கப் படம் ஒரு புறம், தட்டெழுதிய வரிகள் மறு புறம்; பிழை கண்ட எவரும் திருத்தலாம். ஓலைகளைப் படி எடுத்தவர்களின் திருப்பணி, இன்று படிக்கத் தெரிந்த எல்லோருக்கும் கிடைத்திருக்கிறது.

ஆகவே பெற்றோர்களுக்கு ஒரு விண்ணப்பம். தினம் அரை மணி நேரமாவது கைப்பேசி குழந்தையின் பாடத்துக்கு ஒதுங்கட்டும். அடுத்த வீட்டில் கைப்பேசி இல்லாத குழந்தை இருந்தால் அதையும் அழைத்து உட்கார வையுங்கள். படம் ஓடி முடிந்ததும், "என்ன தெரிந்துகொண்டாய்?" என்று கேட்பதோடு நிறுத்தாமல், "உனக்கு என்ன சந்தேகம்?" என்றும் கேளுங்கள். விடை உங்களுக்குத் தெரியாவிட்டால் பாதகமில்லை. கேள்வியை ஒரு தாளில் எழுதிப் பள்ளிக்கு அனுப்புங்கள். உபாத்தியாயர்களாகிய எங்களுக்கு அதைவிட நல்ல வேலை வேறில்லை.