வீட்டுக் கடன்: இருபது ஆண்டுகளின் விலை என்ன?



அடித்தளம் போட்டதோடு நின்றுபோன கோபுரத்தைப் பற்றி நம் ஆண்டவர் பேசியது, அவரைப் பின்பற்றுவதற்கு ஆகும் விலையைக் குறித்தே (லூக் 14:28-30). என்றாலும் அந்த உவமை கேட்டவர்களுக்குப் புரிந்திருக்க வேண்டுமானால், கட்டடம் கட்டுமுன் உட்கார்ந்து கணக்குப் பார்ப்பது அவர்களுக்குப் பழக்கமான காரியமாக இருந்திருக்க வேண்டும். நாம் இன்று அந்தச் சிறிய காரியத்தைப் பற்றியே சிந்திப்போம்.

நம் பங்குகளில் புதுவீடு மந்திரிக்கக் குருக்களை அழைக்கும் குடும்பங்களில் பெரும்பாலானவை வங்கிக் கடன் பெற்றுக் கட்டியவை. சொந்த வீடு நல்ல ஆசை. வாடகை வீட்டில் அவமானப்பட்டவர்களுக்கு அதன் அருமை தெரியும். கடன் வாங்குவது பாவமும் அல்ல. ஆனால் "வட்டி எவ்வளவு?" என்று கேட்டால் உடனே பதில் சொல்கிறவர்கள், "மாதத் தவணை எவ்வளவு?" என்று கேட்டாலும் சொல்கிறவர்கள், "மொத்தம் எவ்வளவு கட்டி முடிப்பீர்கள்?" என்று கேட்டால் ஒருவரை ஒருவர் பார்த்துக் கொள்கிறார்கள். கையெழுத்துப் போட்ட பிறகு அந்தக் கேள்வியைக் கேட்டுப் பயனில்லை என்பதால் முன்னதாகவே கேட்டு வைப்போம்.

நம் ஊர்களில் வட்டியை மாதக் கணக்கில் பேசுவது வழக்கம். நூற்றுக்கு ஒரு ரூபாய் என்றால் 'ஒரு வட்டி', இரண்டு ரூபாய் என்றால் 'இரண்டு வட்டி'. வங்கியோ ஆண்டுக் கணக்கில் பேசுகிறது. ஆண்டுக்கு 8.5 விழுக்காடு என்பதை நம் வழக்கில் சொன்னால் ஏறக்குறைய 71 பைசா வட்டி. இரண்டு வட்டி, மூன்று வட்டி கொடுத்துப் பழகியவர்களுக்கு இது ஒன்றுமே இல்லை போலத் தோன்றும். அப்படியானால் 30 லட்சம் வாங்கியவர் 62 லட்சம் கட்டுவது எப்படி? வட்டி விகிதத்தைவிடக் காலமே இங்கு அதிகம் வாங்குகிறது.

கணக்கைப் பார்ப்போம். 30 லட்சம் ரூபாய், 8.5 விழுக்காடு, 20 ஆண்டுகள். மாதத் தவணை 26,035 ரூபாய். 240 மாதங்கள் கட்டினால் மொத்தம் ஏறக்குறைய 62 லட்சத்து 48 ஆயிரம். அதில் வட்டி மட்டும் 32 லட்சத்து 48 ஆயிரம். வாங்கிய வீட்டோடு, கண்ணுக்குத் தெரியாத இன்னொரு வீட்டுக்கும் பணம் கட்டுகிறோம் என்று பொருள்.

இன்னும் கவனிக்க வேண்டியது, அந்தத் தவணை எப்படிப் பிரிகிறது என்பது. முதல் மாதம் கட்டும் 26,035 ரூபாயில் 21,250 ரூபாய் வட்டிக்குப் போகிறது. அசலில் கழிவது 4,785 ரூபாய்தான். ஐந்து ஆண்டுகள் தவறாமல் கட்டினால் 15 லட்சத்து 62 ஆயிரம் கட்டியிருப்போம். அசலில் குறைந்திருப்பது 3 லட்சத்து 56 ஆயிரம் மட்டுமே. பாதி அசல் அடைபட ஏறக்குறைய 13 ஆண்டு 10 மாதங்கள் ஆகும். "இத்தனை வருடம் கட்டியும் கடன் குறையவே இல்லையே, வங்கி ஏமாற்றுகிறதோ" என்று சிலர் நம்மிடம் வந்து புலம்புவதுண்டு. ஏமாற்று இல்லை. மீதி அசலுக்கு முதலில் வட்டி, எஞ்சியது அசலுக்கு என்ற கணக்கின் விளைவு அது. இதை முதல் நாளே யாராவது ஒரு தாளில் எழுதிக் காட்டியிருந்தால் மனம் நொந்திருக்காது.

தவணை கனமாக இருக்கிறதே என்று தயங்கினால், "30 ஆண்டுகளாக்கிக் கொள்ளுங்கள், குறைந்துவிடும்" என்பார்கள். உண்மைதான், குறையும். அதே கடனுக்கு மாதம் 23,067 ரூபாய் கட்டினால் போதும். மாதம் 2,968 ரூபாய் மிச்சம். ஆனால் மொத்த வட்டி 53 லட்சத்தைத் தாண்டும். அதாவது மாதம் மூவாயிரம் குறைவாகக் கட்டும் சலுகைக்கு, கடைசியில் 20 லட்சத்துக்கும் மேல் அதிகம் கொடுக்கிறோம். மறுபுறம், 15 ஆண்டுகள் என்று எடுத்தால் தவணை 29,542 ரூபாய். மாதம் 3,500 ரூபாய் கூடுதலாகக் கட்டுகிறவருக்கு 9 லட்சத்துக்கு மேல் வட்டி மிச்சம், ஐந்து ஆண்டுகள் விடுதலையும் கூட. விற்பனைப் பேச்சில் இந்த மூன்றையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துக் காட்டுவது அபூர்வம். நாமே கேட்டு வாங்க வேண்டும். 2024 அக்டோபர் முதல் தனிநபர் கடன்கள் எல்லாவற்றுக்கும், எல்லாக் கட்டணங்களும் சேர்ந்த ஆண்டு வட்டியைக் காட்டும் முக்கிய விவரத் தாள் ஒன்றைக் கடன் தருவோர் கொடுக்க வேண்டும் என்பது ரிசர்வ் வங்கியின் விதி. அதை வாசிக்காமல் கையெழுத்திடாதீர்கள்.

அடுத்து, மாறும் வட்டி. நம் நாட்டில் வீட்டுக் கடன்களில் மிகப் பெரும்பாலானவை இவ்வகை. 2019 அக்டோபர் முதல் வங்கிகள் புதிதாகத் தரும் மாறும் வட்டிக் கடன்கள் பெரும்பாலும் ரிசர்வ் வங்கியின் ரெப்போ விகிதத்தோடு கட்டப்பட்டவை. 2022 மே மாதத்துக்கு முன் 4 விழுக்காடாக இருந்த ரெப்போ, 2023 பிப்ரவரியில் 6.5 விழுக்காடு ஆனது. இது ஏட்டுக் கணக்கல்ல. ஒருவர் 7 விழுக்காட்டில் 30 லட்சம் வாங்கி, மாதம் 23,259 ரூபாய் கட்டி வந்தார் என்று வைத்துக் கொள்வோம். கணக்கு எளிதாக இருக்க, ஓராண்டு கழித்து வட்டி ஒரே நாளில் 9.5 ஆனது என்போம். அப்போது மீதி அசல் 29 லட்சத்து 28 ஆயிரம். அதற்கு மாத வட்டி மட்டும் 23,185 ரூபாய். பழைய தவணையையே கட்டினால் அசலுக்குப் போவது வெறும் 74 ரூபாய்! அந்த வேகத்தில் கடன் தீர அறுபது ஆண்டுகள் ஆகும்.

அந்த நாள்களில் பல வங்கிகள் தவணையை உயர்த்தாமல் காலத்தை நீட்டின. வாடிக்கையாளருக்கோ மாதம் பிடிக்கும் தொகை மாறாததால் எதுவும் தெரியவில்லை. ஓய்வு பெறும் ஆண்டைத் தாண்டிக் கடன் ஓடுவது பலருக்குப் பின்னர்தான் தெரிந்தது. இதனால்தான் 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி ஒரு விதி செய்தது. வட்டி மாறும்போது தவணையை உயர்த்துவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டும் கலந்தா என்று தெரிந்தெடுக்கும் வாய்ப்பைக் கடன் பெற்றவருக்குத் தர வேண்டும். கட்டிய அசல் எவ்வளவு, வட்டி எவ்வளவு, மீதித் தவணைகள் எத்தனை என்ற அறிக்கையைக் காலாண்டுக்கு ஒருமுறை தர வேண்டும். இந்த அறிக்கை உங்களுக்கு வருகிறதா என்று பாருங்கள். மின்னஞ்சலில் வந்து திறக்கப்படாமலே கிடக்கலாம்.

2025-ஆம் ஆண்டில் ரெப்போ படிப்படியாக 5.25 வரை இறங்கியது. வட்டி இறங்கும்போது தவணையைக் குறைத்துக் கொள்ள மனம் தூண்டும். முடிந்தால் பழைய தவணையையே கட்டுங்கள். காலம் தானாகச் சுருங்கும். பழைய முறைக் கடன்களுக்கு இந்தக் குறைப்பு வந்து சேர்ந்திருக்கிறதா என்பதையும் கேட்க வேண்டும். கேட்காதவருக்கு அது தாமதமாகவே வருகிறது.

தவணைக் கணக்கில் சேராத செலவுகளும் உண்டு. 30 லட்சம் வரையிலான கடனுக்கு வீட்டின் மதிப்பில் அதிகபட்சம் 90 விழுக்காடும், அதற்கு மேல் 75 லட்சம் வரையிலான கடனுக்கு 80 விழுக்காடும்தான் வங்கி தரலாம். முத்திரைத் தீர்வையும் பதிவுக் கட்டணமும் பொதுவாக அந்த மதிப்பில் சேராது. ஆகவே கையிலிருந்து போட வேண்டிய தொகை பல லட்சம். இங்கேதான் நம் குடும்பங்கள் விழுகின்றன. நகையை அடகு வைத்து, சீட்டை ஏலத்தில் எடுத்து, போதாமல் போனால் மூன்று வட்டிக்கு வெளியே வாங்கி அந்தப் பள்ளத்தை நிரப்புகிறார்கள். 71 பைசா வட்டிக் கடனைப் பெறுவதற்காக மூன்று ரூபாய் வட்டிக் கடன்! கந்துவட்டியைத் தடை செய்யும் சட்டம் தமிழ்நாட்டில் 2003 முதல் இருக்கிறது. ஆனால் கடன் வாங்கியவர் வெளியே சொல்லக் கூச்சப்படுவதால் அச்சட்டம் பலருக்கு உதவுவதில்லை. கையிருப்பு சேரும்வரை இரண்டு ஆண்டுகள் காத்திருப்பதே மலிவு.

கடனோடு சேர்த்து விற்கப்படும் காப்பீட்டையும் பாருங்கள். குடும்பத் தலைவர் இறந்தால் வீடு பறிபோகாதிருக்கக் காப்பீடு மிகத் தேவை. ஆனால் அதன் மொத்தக் கட்டணத்தையும் கடனிலேயே சேர்த்துவிட்டால் அதற்கும் இருபது ஆண்டு வட்டி ஓடும். தனியாக டெர்ம் பாலிசி எடுத்தால் எவ்வளவு ஆகும் என்று ஒப்பிட்ட பிறகு முடிவு செய்யலாம். கட்டி முடியாத அடுக்ககங்களில் வாங்குகிறவர்கள், சாவி கைக்கு வரும்வரை வட்டி ஒருபுறம், குடியிருக்கும் வீட்டின் வாடகை மறுபுறம் என்று இரண்டையும் சுமக்க வேண்டியிருக்கும்.

"வருமான வரிச் சலுகை இருக்கிறதே, எதற்குக் கடனைச் சீக்கிரம் அடைக்க வேண்டும்?" என்று கேட்பவர்கள் உண்டு. நாம் குடியிருக்கும் வீட்டுக்கான வட்டியில் ஆண்டுக்கு 2 லட்சம் வரை கழிவு என்பது பழைய வரிமுறையில்தான். 2023-24 நிதியாண்டு முதல் இயல்பாக நமக்குப் பொருந்தும் புதிய வரிமுறையில் அது இல்லை. பழைய முறையிலும்கூட, நூறு ரூபாய் வட்டி கட்டி இருபது, முப்பது ரூபாய் வரி மிச்சம் பிடிப்பது லாபம் ஆகாது.

நெகேமியா நூலின் ஐந்தாம் அதிகாரத்தை இவ்விடத்தில் வாசிக்க அழைக்கிறோம். பஞ்ச காலத்தில் தானியம் வாங்குவதற்காக யூதா மக்கள் தங்கள் நிலங்களையும் திராட்சைத் தோட்டங்களையும் வீடுகளையும் அடகு வைத்தார்கள். பிள்ளைகளையே அடிமைகளாக விட வேண்டிய நிலை வந்தது. நெகேமியா கடன்பட்டவர்களைக் கடிந்துகொள்ளவில்லை. வட்டி வாங்கிய பெருங்குடி மக்களைக் கூட்டி, வீடுகளையும் நூற்றில் ஒரு பங்கையும் திருப்பிக் கொடுக்கச் செய்தார். அந்த நூற்றில் ஒரு பங்கு மாத வட்டியைக் குறிக்கும் என்று விவிலிய அறிஞர் பலர் கருதுவர். அப்படியானால் அது நம் ஊர் 'ஒரு வட்டி'யேதான்! திருச்சபையும் நீண்ட காலம் வட்டியை முற்றிலும் விலக்கி வந்தது. 1745-இல் திருத்தந்தை பதினான்காம் பெனடிக்ட் எழுதிய சுற்றுமடல், கடன் கொடுத்ததற்காகவே லாபம் பெறுவது தவறு என்று கூறினாலும், கடன் ஒப்பந்தத்துக்கு வெளியே உள்ள நியாயமான காரணங்களுக்கு ஈடு பெறலாம் என்பதை மறுக்கவில்லை. நியாயமான வட்டி இன்று ஏற்கப்படுகிறது. ஏழையைப் பிழியும் வட்டி அன்றும் இன்றும் பாவமே.

இணைச்சட்ட நூலில் நம்மை அதிகம் சிந்திக்க வைப்பது, திரிகைக் கல்லை அடகாக வாங்கக் கூடாது என்ற கட்டளை (இச 24:6). அன்றாடம் மாவரைத்து உண்ணும் கருவி அது. அதை எடுப்பது உயிரையே அடகாக எடுப்பதற்குச் சமம். கடன் கொடுப்பவருக்குச் சொல்லப்பட்ட இக்கட்டளையைக் கடன் வாங்குகிறவரும் எண்ணிப் பார்க்கலாம். நம் வீட்டில் திரிகைக் கல் எது? கணவன், மனைவி இருவர் சம்பளத்தையும் கூட்டி, அதிகபட்சம் எவ்வளவு கிடைக்குமோ அவ்வளவும் கடன் வாங்குகிறோம். பிறகு பிள்ளைப்பேற்றுக்கு மனைவி ஓராண்டு வேலையை விட முடியாது. வயதான தாய்க்கு அறுவைச் சிகிச்சை என்றால் நகை அடகுக்குப் போகும். தவணைக்காக வளைகுடாவுக்குச் சென்ற தந்தை, தாம் கட்டிய வீட்டில் ஆண்டுக்கு ஒரு மாதம் விருந்தாளியாகத் தங்குகிறார். குடும்பங்களைச் சந்திக்கும்போது நாங்கள் காண்பது இதைத்தான். வட்டிக் கணக்கில் இவை வருவதில்லை. ஒருவர் சம்பளத்தில் மட்டும் தவணை கட்ட முடியுமா, ஆறு மாதத் தவணை தனியாகக் கையில் இருக்கிறதா என்று பார்த்துவிட்டு அதற்கேற்ற அளவில் வாங்குவது நல்லது என்பது நம் கருத்து. வங்கி தகுதி என்று சொல்லும் தொகை, வங்கியின் பாதுகாப்புக்காகக் கணக்கிடப்பட்டது.

ஏற்கெனவே வாங்கியிருப்பவர்களுக்கும் வழி உண்டு. மாறும் வட்டியில் தனிநபர் பெற்ற வீட்டுக் கடனை முன்கூட்டி அடைத்தால் வங்கிகள் அபராதம் வாங்கக் கூடாது என்பது 2012 முதல் உள்ள விதி. போனஸோ சீட்டுப் பணமோ வரும்போது ஆண்டுக்கு ஒரே ஒரு தவணை கூடுதலாகக் கட்டினால், நாம் மேலே பார்த்த 20 ஆண்டுக் கடன் மூன்று ஆண்டுகளுக்கு மேல் முன்னதாகத் தீரும். ஆறு லட்சத்துக்கு மேல் வட்டி மிச்சமாகும். தொடக்க ஆண்டுகளில் செய்தால் பலன் அதிகம்.

தவணை தவறியவர்கள் ஒளிந்து கொள்ள வேண்டாம். நிலுவை 90 நாள்களைத் தாண்டினால் அது வாராக் கடன் ஆகும். பிறகு 2002-ஆம் ஆண்டுச் சட்டப்படி 60 நாள் அறிவிப்பு அனுப்பி, நீதிமன்ற வழக்கு இல்லாமலே வீட்டை எடுத்து ஏலம் விட வங்கிக்கு அதிகாரம் உண்டு. அந்த 90 நாளுக்குள் கிளை மேலாளரை நேரில் பார்த்து, வேலை போனதையோ நோயையோ எழுதிக் கொடுத்துத் தவணையை மாற்றி அமைக்கக் கேளுங்கள். தனியாகப் போகத் தயக்கமாக இருந்தால் பங்கில் விவரம் தெரிந்த ஒருவரை உடன் அழைத்துச் செல்லுங்கள்.

கடைசித் தவணை கட்டியவர்களும் கவனிக்க ஒன்று உண்டு. கடன் தீர்ந்த 30 நாள்களுக்குள் மூலப் பத்திரங்களைத் திருப்பித் தர வேண்டும், வங்கியின் தவறால் தாமதமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு தர வேண்டும் என்பது 2023 டிசம்பர் முதல் நடைமுறையில் உள்ள விதி. பத்திரம் கைக்கு வந்ததோடு நின்றுவிடாமல், கடன் வாங்கும்போது சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிந்த எம்.ஓ.டி. அடமானத்தை ரத்து செய்தும் பதிவு செய்ய வேண்டும். அதன் பிறகு வில்லங்கச் சான்றிதழ் எடுத்து, ரத்து செய்த பதிவு அதில் ஏறியிருக்கிறதா என்று பார்த்துப் பத்திரத்தோடு சேர்த்து வையுங்கள்.