பழைய கார் வாங்கும் வணிகர் கவனத்திற்கு

சரக்குக் கொள்முதலில் நம்மவர்களை ஏமாற்றுவது எளிதல்ல. துவரம்பருப்பைக் கையில் அள்ளித் தேய்த்துப் பார்த்தே பழையதா, புதியதா என்று சொல்லிவிடுவார்கள். மிளகாய் வற்றலை ஒடித்துப் பார்த்தே ஈரம் எவ்வளவு என்று கணித்துவிடுவார்கள். அப்படிப்பட்டவர்கள் மூன்று, நான்கு லட்சம் ரூபாய் கொடுத்துப் பழைய கார் வாங்கும்போது மட்டும் ஏனோ பெயிண்ட் பளபளப்பையும் புது சீட் கவரையும் பார்த்து அட்வான்ஸ் கொடுத்து விடுகிறார்கள். இதை எழுதும் நானும் அப்படி ஏமாந்தவன்தான். முதலில் வாங்கிய பழைய கார் எட்டே மாதத்தில் எஞ்சின் வேலைக்கு வந்தது. ஒரு தீபாவளி வியாபாரத்தின் லாபம் அப்படியே ஒர்க்‌ஷாப்பிற்குப் போயிற்று. இரண்டாவது முறை கொஞ்சம் விவரம் தெரிந்து வாங்கினேன். அந்த விவரத்தை உறுப்பினர்களோடு பகிர்ந்து கொள்வதே இக்கட்டுரையின் நோக்கம்.

மகாராஜபுரத்தில் கடை வைத்திருப்பவருக்குக் கார் ஆடம்பரம் அல்ல. கொள்முதலுக்கு விருதுநகர், ஆர்.டி.ஓ. வேலைக்கு ஸ்ரீவில்லிபுத்தூர், பெரிய ஆஸ்பத்திரி என்றால் மதுரை. வயதான தாயாரையும் பிள்ளைகளையும் அழைத்துக்கொண்டு ஒரு கல்யாணத்திற்குப் போய்வர, ஐந்து பேர் நெருக்கடி இல்லாமல் உட்காரும் நடுத்தர அளவுள்ள செடான் வண்டி பொருத்தமானது. உயரமான ஜீப் உருவ வண்டிகளுக்கே இப்போது மவுசு. செடானைக் கேட்பார் குறைந்து போனார்கள். மாருதி சியாஸ் 2014-ல் வந்து 2025-ல் உற்பத்தி நிறுத்தப்பட்டது. டொயோட்டா எட்டியோஸ் 2020-லேயே நின்றது. கேட்பார் குறைந்த சரக்கு மலிவாகக் கிடைக்கும் என்பது நமக்குத் தெரியாததா? ஹோண்டா சிட்டி, சியாஸ், ஹூண்டாய் வெர்னா போன்ற நல்ல வண்டிகள் பழைய சந்தையில் நியாயமான விலைக்கு வருவதற்கு இதுவும் ஒரு காரணம்.

விலை பேசும்போது இன்னொன்றையும் நினைவில் வைக்க வேண்டும். 2025 செப்டம்பர் 22 முதல் ஜி.எஸ்.டி. விகிதம் மாறி, நான்கு மீட்டருக்கு உட்பட்ட சிறிய கார்களுக்கு வரி 18 சதவீதமாகவும், அதற்கு மேற்பட்டவற்றிற்கு செஸ் இல்லாமல் 40 சதவீதமாகவும் ஆயிற்று. புது வண்டியின் விலையே இறங்கியது. "நான் வாங்கும்போது பில் இவ்வளவு" என்று பழைய பில்லை நீட்டுகிறவரிடம், இன்றைய புது வண்டியின் விலையைச் சொல்லிப் பேசுங்கள்.

அடுத்து பெட்ரோலா, டீசலா என்ற கேள்வி. டீசல் சிக்கனம் என்று பலரும் சொல்வார்கள். தினமும் நூறு கிலோமீட்டர் ஓடுகிறவருக்கு அது சரி. கடைக்கும் வீட்டிற்கும், வாரம் ஒரு முறை ஸ்ரீவில்லிபுத்தூருக்கும் என்று ஓடுகிற வண்டிக்கு அது பொருந்தாது. 2020 ஏப்ரலில் பி.எஸ்.6 விதி வந்தபின் வெளியான டீசல் கார்களில் புகைக்கரியைப் பிடித்து வைக்கும் வடிகட்டி ஒன்று உண்டு. வண்டி நல்ல வேகத்தில் சிறிது நேரம் தொடர்ந்து ஓடி, புகைக்குழாய் நன்றாகச் சூடேறினால்தான் அந்தக் கரி எரிந்து போகும். இரண்டு கிலோமீட்டர் ஓட்டி நிறுத்தி, மறுபடி இரண்டு கிலோமீட்டர் ஓட்டினால் வடிகட்டி அடைத்துக்கொள்ளும். அதை மாற்றுகிற செலவு சிக்கனத்தை எல்லாம் விழுங்கிவிடும். அதற்கு முந்தைய டீசல் வண்டிகளிலும் டர்போ, இன்ஜெக்டர் வேலை என்றால் பெட்ரோல் வண்டியைவிடச் செலவு கூடுதல். நமது ஓட்டத்திற்குப் பெட்ரோலே நல்லது என்பது என் கருத்து.

பெட்ரோலிலும் ஒரு குறிப்பு. இப்போது பங்க்குகளில் வருவது 20 சதவீதம் எத்தனால் கலந்தது. 2023 ஏப்ரலுக்கு முன் தயாரான கார்களில் பெரும்பாலானவை இந்தக் கலவைக்கென்று செய்யப்பட்டவை அல்ல. ஓடாது என்று பொருளல்ல. மைலேஜ் சற்றுக் குறையும். பெட்ரோல் போகும் ரப்பர் குழாய்களும் கேஸ்கட்டுகளும் சீக்கிரம் தளரலாம். வாங்கும்போதே மெக்கானிக்கிடம் அவற்றைப் பார்க்கச் சொல்லுங்கள். எத்தனால் ஈரத்தை இழுக்கும் குணமுள்ளது. ஆகவே டாங்கில் எண்ணெயை வைத்துக்கொண்டு வண்டியை மாதக்கணக்கில் நிறுத்தி வைப்பது கூடாது.

இனி வண்டியைப் பார்க்கும் முறை. காலையில் போங்கள். நாங்கள் வருமுன் ஸ்டார்ட் செய்ய வேண்டாம் என்று முதல் நாளே சொல்லிவிடுங்கள். போனதும் பானட்டில் கை வைத்துப் பாருங்கள். சூடாக இருந்தால் ஏதோ மறைக்கிறார்கள். குளிர்ந்த எஞ்சின் முதல் சாவியிலேயே கிளம்ப வேண்டும். நீலப்புகை வந்தால் எஞ்சின் ஆயில் எரிகிறது. வெள்ளைப்புகை நிற்காமல் வந்தால் கூலன்ட் எஞ்சினுக்குள் போகிறது. ஆயில் மூடியின் உட்புறத்தில் தயிர்போல் படிந்திருந்தால் அந்த வண்டியை விட்டுவிடலாம்.

டயரின் பக்கவாட்டில் நான்கு இலக்க எண் ஒன்று இருக்கும். 2319 என்றால் 2019-ஆம் ஆண்டின் 23-வது வாரத்தில் தயாரானது. பிஸ்கட் பாக்கெட்டில் தேதி பார்க்காமல் வாங்குவோமா? பட்டன் தேயாமல் இருந்தாலும் ஐந்தாறு வருடம் கடந்த டயர் நமது ஊர் வெயிலில் நம்பத்தகுந்ததல்ல. அதேபோல் எல்லாக் கண்ணாடிகளிலும் கம்பெனிக் குறியும் வருடக் குறியும் ஒன்றாக இருக்கின்றனவா என்று பாருங்கள். ஒரு கண்ணாடி மட்டும் வேறு வருடமென்றால் அந்தப் பக்கம் அடி வாங்கியிருக்கக் கூடும். பானட், கதவுகளின் போல்ட் தலைகளில் பெயிண்ட் பெயர்ந்திருந்தால் அவை ஒரு முறையாவது கழற்றப்பட்டவை.

வெள்ளத்தில் நின்ற வண்டி விஷயத்தில் தென்மாவட்ட வணிகர்கள் கூடுதல் கவனமாக இருக்க வேண்டும். 2015 டிசம்பரில் சென்னையில், 2018 ஆகஸ்டில் கேரளத்தில், 2023 டிசம்பரில் முதலில் சென்னையிலும் பிறகு திருநெல்வேலி, தூத்துக்குடி மாவட்டங்களிலும் ஏராளமான கார்கள் தண்ணீரில் நின்றன. அவை எல்லாம் பழைய இரும்புக் கடைக்குப் போய்விடவில்லை. கழுவித் துடைத்து விற்பனைக்கும் வருகின்றன. சீட் பெல்ட்டை முழுவதும் வெளியே இழுத்துப் பாருங்கள். உள்ளே சுருண்டிருந்த பகுதியில் சேற்றுக் கறை இருந்தால் அதுவே சாட்சி. ஸ்டெப்னி இருக்கும் குழியில் வண்டல், சீட்டுக்கு அடியில் தண்டவாளத்தில் துரு, ஏ.சி. போட்டவுடன் வரும் ஊறல் வாடை, இவையும் காட்டிக் கொடுக்கும். எலக்ட்ரிக் வயர்களில் புகுந்த தண்ணீர் உடனே தொல்லை கொடுக்காது. பணம் கைமாறி ஆறு மாதம் கழிந்தபின் ஒவ்வொன்றாகத் தொடங்கும்.

மீட்டர் காட்டும் கிலோமீட்டரை நம்ப வேண்டாம். பதிவு எண்ணைக் கொடுத்துக் கம்பெனி ஒர்க்‌ஷாப்பில் சர்வீஸ் கணக்கைக் கேளுங்கள். எந்தத் தேதியில், எத்தனை கிலோமீட்டரில் ஆயில் மாற்றினார்கள் என்று வரிசையாக இருக்கும். அந்தக் கணக்கில் 90,000 என்று இருக்க, மீட்டர் 62,000 காட்டினால் மேற்கொண்டு பேச ஒன்றுமில்லை. நமது பேரேட்டைப் போல, நடுவில் இரண்டு வருடம் பதிவே இல்லாவிட்டாலும் சந்தேகம்தான். எட்டியோஸ் போன்ற வண்டிகள் டாக்ஸியாக ஓடி, பிறகு சொந்த உபயோகத்திற்கு மாற்றப்பட்டிருக்கவும் கூடும். ஆர்.சி. விவரத்தில் அதைப் பார்த்துக்கொள்ள வேண்டும். 2013-க்கு முந்தைய ஹோண்டா சிட்டிகளில் பல, டகாட்டா ஏர்பேக் குறைபாட்டிற்காகத் திரும்ப அழைக்கப்பட்டவை. சேஸிஸ் எண்ணைச் சொன்னால் அந்த வேலை முடிந்ததா என்று ஷோரூமில் சொல்லிவிடுவார்கள். அந்த வேலைக்குக் கட்டணம் கிடையாது.

வண்டி பிடித்துவிட்டது, விலையும் படிந்துவிட்டது என்று வைத்துக்கொள்வோம். பெரிய ஆபத்து இனிமேல்தான் இருக்கிறது.

நமக்குத் தெரிந்த மளிகை வியாபாரி ஒருவர் தமது காரை ஒரு புரோக்கரிடம் விற்றார். வெற்றுப் படிவங்களில் கையெழுத்துப் போட்டுக் கொடுத்துவிட்டுப் பணத்தை எண்ணி வாங்கிக்கொண்டார். வண்டி இரண்டு கை மாறியது. பெயர் மட்டும் மாறவில்லை. மூன்றாவது ஆள் ஓட்டும்போது விபத்து. இன்சூரன்சும் காலாவதியாகியிருந்தது. கோர்ட் சம்மன் வந்தது நமது வியாபாரியின் கடைக்கு. "விற்று இரண்டு வருடமாயிற்று" என்று அவர் சொன்னது எடுபடவில்லை. கடையைப் பையனிடம் விட்டுவிட்டு வாய்தாவிற்கு வாய்தா அலைந்தார். சட்டம் அப்படித்தான் இருக்கிறது. கைமாறிக் கைமாறிப் போன ஒரு காரைப் பற்றிய வழக்கில் உச்ச நீதிமன்றம் 2018 பிப்ரவரியில் இதைத் தெளிவாகச் சொல்லிவிட்டது: பதிவேட்டில் யார் பெயர் இருக்கிறதோ அவரே உரிமையாளர், விபத்து நஷ்டஈட்டுப் பொறுப்பும் அவரையே சேரும்.

ஆகவே விற்பவர் 29-ஆம் எண் படிவத்தை 14 நாட்களுக்குள் பதிவு அலுவலகத்திற்குக் கொடுத்துவிட வேண்டும். வாங்குபவர் 30-ஆம் எண் படிவம் கொடுத்துப் பெயர் மாற்றிக்கொள்ள வேண்டும். ஃபைனான்ஸ் இருந்திருந்தால் 35-ஆம் எண் படிவத்தில் கம்பெனியின் கையெழுத்தோடு ரத்துப் பதிவு வேண்டும். கடன் முடிந்துவிட்டது என்ற வாய்ச்சொல் போதாது. கேரளப் பதிவு வண்டி மலிவாகக் கிடைக்கிறதே என்று செங்கோட்டைப் பக்கம் போகிறவர்கள், அங்கிருந்து ஆட்சேபணையில்லாச் சான்று வாங்குவதையும், வண்டியின் வயதுக்கேற்பத் தமிழ்நாட்டில் மீண்டும் வரி கட்ட வேண்டும் என்பதையும் சேர்த்தே கணக்குப் போட வேண்டும். நமது டி.என். 84 வண்டி கிடைத்தால் இந்த அலைச்சல் மிச்சம். இன்சூரன்சில் மூன்றாம் நபர் பாதுகாப்பு வண்டியோடு வந்துவிடும். சொந்தச் சேதத்திற்கான பாதுகாப்பை 14 நாட்களுக்குள் எழுதிக் கொடுத்துத் தம் பெயருக்கு மாற்ற வேண்டும். நோ கிளெய்ம் போனஸ் விற்றவருக்கே உரியது, வண்டியோடு வராது.

15 வருடத்தை நெருங்கும் வண்டி மிக மலிவாகத் தெரியும். 15 வருடம் முடிந்தால் பதிவைப் புதுப்பிக்க வேண்டும். காருக்கு அந்தக் கட்டணம் 2022 ஏப்ரலில் 600 ரூபாயிலிருந்து 5,000 ரூபாயாக உயர்ந்தது. பசுமை வரியும் தகுதிச் சோதனைக்கான பழுதுபார்ப்புச் செலவும் தனி.

பணம் கொடுக்கும் முறையிலும் நம்மவர்கள் தவறு செய்கிறார்கள். ஒரே பரிவர்த்தனையில் இரண்டு லட்சம் ரூபாயோ அதற்கு மேலோ ரொக்கமாக வாங்குவது 2017 ஏப்ரல் முதல் குற்றம். வாங்கிய தொகை அளவுக்கே அபராதம் உண்டு. கடைப் பெயரில் கார் வாங்குகிறவர் பத்தாயிரத்துக்கு மேல் ரொக்கமாகக் கொடுத்தால், அந்தத் தொகை தேய்மானக் கணக்கில் சேராது. செக்கோ வங்கி மாற்றமோதான் வழி. ஜி.எஸ்.டி. பதிவுள்ள வியாபாரி, தேய்மானம் எழுதிவந்த கடைக் காரை விற்றால், விற்ற விலைக்கும் புத்தகத்தில் நிற்கும் மதிப்புக்கும் உள்ள வித்தியாசத்தின் மீது 18 சதவீதம் வரி கட்ட வேண்டும். புத்தக மதிப்பு 2,00,000, விற்றது 3,00,000 என்றால் வரி 18,000. புத்தக மதிப்புக்குக் கீழே விற்றால் வரி இல்லை. இதை அறியாமல் முழுத் தொகைக்கும் வரி போட்டுக் கட்டியவர்களும் உண்டு, கட்டாமல் விட்டு நோட்டீஸ் வாங்கியவர்களும் உண்டு.

பராமரிப்பைப் பற்றிச் சுருக்கமாகவே சொல்லலாம். எஞ்சின் ஆயிலைப் பத்தாயிரம் கிலோமீட்டர் அல்லது ஒரு வருடம், எது முன்னதோ அப்போது மாற்ற வேண்டும். வருடத்தில் நாலாயிரம் கிலோமீட்டர்தானே ஓடியது என்று இரண்டு வருடம் தள்ளிப்போடுவது நம்மிடம் அதிகம். சிட்டியிலும் சியாஸிலும் உள்ள டைமிங் செயின் நல்ல ஆயிலை நம்பித்தான் ஓடுகிறது. ரேடியேட்டரில் போர்வெல் தண்ணீர் ஊற்றக் கூடாது, உப்புப் படியும். பிரேக் ஆயிலை இரண்டு வருடத்திற்கொரு முறை மாற்றுங்கள். வாரம் ஒரு முறையாவது கிருஷ்ணன்கோவில் வரை ஒரே ஓட்டமாகப் போய்வந்தால் பேட்டரியும் பிழைக்கும்.

டிக்கி பெரிதாக இருக்கிறது என்று சர்க்கரை மூட்டை ஏற்றும் பழக்கம் வேண்டாம். சிட்டியிலும் சியாஸிலும் 510 லிட்டர் இடம் உண்டு என்பது பெட்டிகளுக்காக. ஐம்பது கிலோ மூட்டை நான்கு ஏற்றி, ஆள்களும் உட்கார்ந்தால் பின்பக்க ஸ்பிரிங்கும் ஷாக் அப்சார்பரும் படுத்துவிடும். ஒவ்வொரு வேகத்தடையிலும் அடி தட்டும். சொந்த உபயோகத்திற்குப் பதிவான காரில் கடைச் சரக்கு ஏற்றி விபத்தானால் இன்சூரன்ஸ் கம்பெனியும் கேள்வி கேட்கும். சரக்குக்கு லோடு ஆட்டோ இருக்கிறது.

கடைசியாக, எந்த மெக்கானிக்கும் சொல்லாத ஒன்று: காரைக் குடோனை ஒட்டி நிறுத்தாதீர்கள். அரிசிக்கும் பருப்புக்கும் வரும் எலி, இரவில் எஞ்சினின் கதகதப்புக்குப் போய் வயரைக் கடிக்கிறது. இரண்டாவதாக வாங்கிய வண்டியில் எனக்கு நேர்ந்த ஒரே பெரிய செலவு அதுதான். இப்போது வண்டியை வீட்டுத் திண்ணைப் பக்கம், விளக்கு வெளிச்சத்தில் நிறுத்துகிறேன். காலையில் பானட்டைத் திறந்து ஒரு முறை பார்த்துவிட்டுத்தான் கிளம்புகிறேன்.