மேடைப் பயத்தைப் போக்கிய ஆசிரியர்

நாலு பேர் முன்னால் எழுந்து பேசச் சொன்னால் பலருக்குக் கைகால் உதறும். நாக்கு ஒட்டிக்கொள்ளும். இந்தப் பயத்தைப் போக்குவதையே தொழிலாகக் கொண்டார் ஓர் அமெரிக்கர். அவர் பெயர் டேல் கார்னெகி.

ஏழை வீட்டுப் பிள்ளை

கார்னெகி 1888-ம் ஆண்டு மிசௌரி மாநிலத்தில் பிறந்தார். தந்தை ஏழை விவசாயி. வெள்ளம் வந்து பயிரை அழிக்கும். கடன் கழுத்தை நெரிக்கும். கல்லூரியின் அருகே தங்கிப் படிக்கப் பணம் இல்லை. தினமும் குதிரை ஏறிப் போய் வந்தார். பேச்சுப் போட்டிகளில் சேர்ந்தார். தோற்றார். மறுபடியும் தோற்றார். ஆனாலும் விடவில்லை. பிறகு வெற்றி மேல் வெற்றி!

படிப்புக்குப் பின் ஊர் ஊராகச் சோப்பும் இறைச்சியும் விற்றார். நாடகத்தில் நடித்தார். லாரி விற்றார். எதிலும் மனம் நிலைக்கவில்லை.

இரவு வகுப்பு

1912-ம் ஆண்டு நியூயார்க் ஒய்.எம்.சி.ஏ.வில் இரவு நேரத்தில் பேச்சுப் பயிற்சி தர முன்வந்தார். ஓர் இரவுக்கு 2 டாலர் கேட்டார். அதைத் தர அவர்கள் தயங்கினார்கள். வரும் பணத்தில் பங்கு தருவதாகச் சொன்னார்கள். சரி என்றார். சில காலத்தில் அந்தப் பங்கு, அவர் கேட்ட சம்பளத்தைப்போலப் பல மடங்கு ஆகிவிட்டது!

வந்தவர்கள் பகலெல்லாம் உழைத்துக் களைத்தவர்கள். கூட்டத்தில் வாய் திறக்க அஞ்சியவர்கள். அவரவர் வாழ்க்கையைப் பற்றியே பேசும்படி கார்னெகி சொன்னார். தெரிந்ததைப் பேசியபோது பயம் பறந்தது.

அனுப்பாத கடிதம்

1936-ம் ஆண்டு, நண்பர்களைப் பெறுவது எப்படி என்பது பற்றி ஒரு புத்தகம் எழுதினார். அது கோடிக்கணக்கில் விற்பனை ஆயிற்று. தமிழிலும் வந்திருக்கிறது. பிறரைக் குறை கூறாதே, பெயரை மறக்காதே, பிறர் சொல்வதைக் காது கொடுத்துக் கேள், தவறு செய்தால் உடனே ஒப்புக்கொள். இவையே அதன் சாரம்.

லிங்கன் கதை ஒன்றையும் அதில் சொல்கிறார். 1863-ல் கெட்டிஸ்பர்க் போரில் தோற்ற எதிரிப் படையைத் தளபதி மீட் தப்ப விட்டுவிட்டார். ஜனாதிபதி லிங்கனுக்குக் கடுங்கோபம். காரசாரமாகக் கடிதம் எழுதினார். ஆனால் அனுப்பவில்லை! அவர் இறந்த பின்பே அது வெளியே தெரிந்தது.

முகஸ்துதியா?

"இது காரியம் சாதிக்கும் முகஸ்துதி" என்று சிலர் குறை கூறினார்கள். முகஸ்துதி உதட்டிலிருந்து வருவது. பாராட்டு உள்ளத்திலிருந்து வருவது என்பதே கார்னெகியின் பதில்.

பின்னாளில் உலகப் பெரும் பணக்காரரான வாரன் பஃபெட், இளமையில் பேசவே கூச்சப்பட்டவர். 1951-ல் 100 டாலர் கட்டி அந்தப் பயிற்சியில் சேர்ந்தார். அவர் தம் அலுவலகச் சுவரில் மாட்டியது கல்லூரிப் பட்டத்தை அல்ல. அந்தப் பயிற்சிச் சான்றிதழைத்தான்!

1955-ல் கார்னெகி காலமானார். அவருடைய பாடத்துக்குப் பள்ளிக்கூடம் தேவையில்லை. சமையலில் உப்புக் குறைந்தால் கத்துகிற கணவர், அது நன்றாக இருக்கும் நாளில் ஒரு வார்த்தை பாராட்டட்டும். வீட்டில் சிரிப்பு பிறக்கும். செலவோ காலணாக்கூட இல்லை!